எறும்பின் சொல்லும் விண்வெளிப் புதினங்களும்

மஃரிபுத் தொழுகைக்குப் பின் பள்ளிவாசல் முற்றத்தில் நாம் அமர்ந்திருந்தபோது, நன்கு பழகிய வணிகர் ஒருவர் கையில் ஓர் ஆங்கில நூலுடன் வந்தார். மேல்நிலை வகுப்பிற் பயிலும் அவருடைய மகன் நூலகத்திலிருந்து எடுத்துவந்த புதினம் அது. "ஹஜ்ரத், செவ்வாயிலிருந்து ஏதோ படைப்புகள் வந்து இறங்கி மனிதர்களை அழிப்பதாக இதில் எழுதியிருக்கிறதாம். மனிதன்தானே அல்லாஹ்வின் படைப்புகளில் மேலானவன்? இதையெல்லாம் படித்தால் பிள்ளையின் ஈமான் என்னாவது? படிக்கலாமா, கூடாதா என்று நீங்கள் பார்த்துச் சொல்லுங்கள்" என்று கேட்டுக்கொண்டார்.

நூலைப் பாராமல் தீர்ப்புரைப்பது முறையன்று. ஆகவே தவணை கேட்டு வாங்கிவைத்தோம். நமக்குள்ள ஆங்கிலம் சிறிது. அகராதியின் துணையோடுதான் படிக்க முடிந்தது. ஒரு நூல் இன்னொன்றுக்கு வழிகாட்ட, அத்துறையில் பெயர்பெற்ற வேறு சில நூல்களையும் தேடிப் படித்தோம். அவ்வணிகரின் கேள்வியை இன்று பல வீடுகளிலும் பெற்றோர் கேட்கின்றனர். எனவே, நாம் கண்டதை எல்லாருக்கும் பொதுவாக எழுதுவது நலமெனக் கருதுகிறோம்.

முதலில் அக்கீதா பற்றிய ஐயத்தைத் தீர்த்துக்கொள்வோம். வேற்றுலகங்களில் உயிர்கள் இருக்கக்கூடும் என்று எண்ணுவதே ஈமானுக்குக் குறை என்று சிலர் அஞ்சுகின்றனர். நம் முன்னோர்களாகிய இமாம்கள் அவ்வாறு அஞ்சியதில்லை. அஷ்ஷூரா அத்தியாயத்தின் 29ஆம் வசனம், வானங்களிலும் பூமியிலும் அல்லாஹ் பரப்பியுள்ள உயிரினங்களை அவனுடைய அத்தாட்சிகளுள் ஒன்றாகக் குறிப்பிடுகிறது. இவ்விடத்திற்கு விளக்கம் எழுதப் புகுந்த இமாம் ஃபக்ருத்தீன் ராஸி (ரஹ்) அவர்கள், பூமியில் மனிதர் நடப்பதுபோல் வானங்களில் நடந்து திரியும் உயிரினங்களை அல்லாஹ் படைத்திருப்பது இயலாததன்று என்ற கருத்தையும் எடுத்துரைக்கிறார்கள். அல்ஃபாத்திஹாவின் விளக்கத்திலோ, இவ்வுலகுக்கு அப்பாலும் ஆயிரமாயிரம் உலகங்களைப் படைக்க அவன் ஆற்றலுடையவன் என வாதிடுகிறார்கள். இமாமவர்கள் மறைந்தது ஹிஜ்ரி 606இல். சூரியனைப் போன்றதொரு விண்மீனைச் சுற்றும் கோள் ஒன்றை வானியலார் கண்டறிந்து அறிவித்ததோ 1995ஆம் ஆண்டில்தான். அதன்பின் இன்றுவரை 5,000க்கும் மேற்பட்ட வெளிக்கோள்கள் கண்டறியப்பட்டுள்ளன. அவற்றுள் எதிலும் உயிர் உண்டென்பது மெய்ப்பிக்கப்படவில்லை. கோள்களின் எண்ணிக்கை பெருகப் பெருகப் படைத்தவனின் பெருமை நமக்கு விளங்குமேயன்றிக் குறைவதற்கில்லை.

மனிதனின் மேன்மை பற்றிய வசனத்தையும் ஊன்றிப் பார்க்க வேண்டும். பனீ இஸ்ராயீல் அத்தியாயத்தின் 70ஆம் வசனம், ஆதமுடைய மக்கள் கண்ணியப்படுத்தப்பட்டதையும், படைப்புகளுள் பலவற்றைவிட மேன்மையாக்கப்பட்டதையும் கூறுகிறது. அங்கே வந்துள்ள சொல் 'கஸீர்' என்பதாகும். அதற்குப் 'பல' என்று பொருள். 'எல்லாம்' என்று பொருளன்று. இச்சொல்லை வைத்து நம் விரிவுரையாளர்கள் நீண்ட ஆராய்ச்சி செய்துள்ளனர். ஆகவே, மனிதனைவிட வலியதோ அறிவு மிக்கதோ ஆகிய ஒரு படைப்பைக் கற்பனை செய்த மாத்திரத்தில் நம் மார்க்கம் ஆட்டங்கண்டுவிடாது.

அச்சம் நீங்கியபின், இலக்கியத்தின் பக்கம் திரும்புவோம். ஒரு விண்வெளிப் புதினத்தை எதைக் கொண்டு அளப்பது? அதிலுள்ள விஞ்ஞானம் சரியா என்று மட்டும் பார்ப்போமாயின், பழைய நூல்கள் பலவும் தோற்றுவிடும். வியப்பு எவ்வளவு என்று பார்ப்போமாயின், மந்திரக் கதைகளுக்கும் இவற்றுக்கும் வேற்றுமை இராது. நாம் வேறோர் அளவுகோலை மேற்கொள்கிறோம். அது அந்நம்லு அத்தியாயத்தில் உள்ளது.

சுலைமான் நபி (அலை) அவர்கள் பெரும்படையுடன் எறும்புகளின் பள்ளத்தாக்கை நெருங்கினார்கள். அப்படை தங்களை அறியாமலே நசுக்கிவிடக்கூடும் என்றஞ்சிய ஓர் எறும்பு, இருப்பிடங்களுக்குள் நுழைந்துகொள்ளுமாறு தன் இனத்தாரை எச்சரித்தது. அரசரும் நபியுமான அவர்கள் அச்சிற்றுயிரின் சொல்லைக் கேட்டுப் புன்னகைத்தார்கள். தமக்கருளப்பட்ட கொடைகளுக்கு நன்றி செலுத்தும் பேற்றினை வேண்டித் தம் இறைவனிடம் இறைஞ்சினார்கள். தன்னினும் வேறான ஓர் உயிரை வலிமையுள்ளவன் எதிர்ப்படும்போது நடந்துகொள்ள வேண்டிய முறை முழுவதும் இந்நிகழ்ச்சியில் அடங்கியிருக்கிறது. அயலுயிரைச் சந்திக்கும் புதினங்களில் அவ்வெறும்பின் சொல் கேட்கப்படுகிறதா என்பதே நம் அளவுகோல்.

வணிகர் கொண்டுவந்த நூல் எச்.ஜி. வெல்ஸ் எழுதிய 'தி வார் ஆஃப் தி வேர்ல்ட்ஸ்', அதாவது 'உலகங்களின் போர்'. 1897இல் மாத இதழொன்றில் தொடராக வந்து, 1898இல் நூலாயிற்று. தங்கள் கோள் குளிர்ந்து வறண்டு போவதனால், செவ்வாய்வாசிகள் உருளைக் கலங்களில் ஏறி இங்கிலாந்தின் வோக்கிங் என்னும் ஊர்ப்புறத்தில் வந்திறங்குகின்றனர். மூன்று கால்களையுடைய பேரியந்திரங்களில் நடந்து, வெப்பக் கதிராலும் கரும்புகையாலும் ஊர்களை அழிக்கின்றனர். லண்டன் மாநகரத்து மக்கள் வீடு வாசலை விட்டுக் கூட்டங்கூட்டமாக ஓடுகின்றனர். அத்தொடர் வெளிவந்த 1897ஆம் ஆண்டிலேதான் விக்டோரியா அரசியாரின் அறுபதாண்டு ஆட்சி விழா அம்மாநகரில் ஆரவாரமாகக் கொண்டாடப்பட்டது என்பதை நினைவிற் கொண்டால், ஆசிரியரின் துணிவு விளங்கும்.

இது வெறும் திகில் கதையன்று. தொடக்க அத்தியாயத்திலேயே வெல்ஸ், ஐரோப்பியர் குடியேறியதனால் டாஸ்மேனியத் தீவின் பழங்குடி மக்களுக்கு நேர்ந்த அழிவை எடுத்துக்காட்டி, செவ்வாய்வாசிகளைக் குறைகூற நமக்கு என்ன தகுதி என்னும் கருத்தைத் தம் நாட்டாரிடமே வைக்கிறார். அத்தீவு மக்களின் வழித்தோன்றல்கள் இன்றும் வாழ்கின்றனர். எனினும் அவர்கள் முன்னோர் பட்ட கொடுமை மெய். உலகின் பெரும்பகுதியை ஆண்ட ஒரு நாட்டாரைப் பள்ளத்தாக்கின் எறும்புகளாக ஆக்கி, மிதிபடுவோரின் அச்சத்தை அவர்களுக்கே சுவைக்கக் கொடுத்தார் வெல்ஸ். நாம் இந்நூலை மதிப்பதற்கு இதுவே முதற்காரணம்.

முடிவு இன்னும் சிறப்புடையது. பீரங்கிகளாலும் போர்க்கப்பலாலும் வெல்ல முடியாத செவ்வாய்வாசிகள், கண்ணுக்குப் புலனாகாத நோய்க்கிருமிகளால் மடிகின்றனர். இவ்விடத்தைப் படித்தபோது, யானைப் படையுடன் வந்த அப்ரஹா சிறு பறவைகளால் அழிந்த வரலாறும், நம்ரூது ஒரு கொசுவினால் மாண்டதாகக் கூறப்படும் செய்தியும் நம் உள்ளத்தில் தோன்றாமல் இல்லை. கதைசொல்லியும் இவ்வழிவை இறைவனின் ஞானத்தோடு சேர்த்தே பேசுகிறார். வெல்ஸ் சமயப் பற்றாளர் அல்லர். ஆயினும் ஆணவத்தின் முடிவை எழுதும்போது சமயத்தின் மொழியே அவருக்குக் கைகொடுத்தது.

இந்நூலில் பாதிரியார் ஒருவர் வருகிறார். ஊர் எரிந்ததைக் கண்டு அவருடைய மனம் பேதலித்துப் போகிறது. துன்பம் வந்தவுடன் சரிந்து விழுமாயின் அந்தச் சமயத்தால் பயன் என்ன என்று கதைசொல்லி அவரை வினவுகிறார். சமயத்தாரை எள்ளுவதற்கென்றே இப்பாத்திரம் படைக்கப்பட்டது என்று கோபங்கொள்வது எளிது. நமக்கோ அவ்வினா நம்மைப் போன்ற ஓதிக்கொடுப்போரை நோக்கியே எறியப்பட்டதாகத் தோன்றிற்று. பழக்கத்தால் மட்டும் நிற்கும் பக்தி சோதனையின் நாளில் நிற்காது என்பது நாம் மிம்பரிலும் சொல்லுகின்ற செய்திதானே!

இந்நூலுக்குக் குறையும் உண்டு. மனிதரும் செவ்வாய்வாசிகளும் தம்முள் ஒரு சொல்லேனும் பரிமாறிக்கொள்வதில்லை. தொடக்கத்தில் வெள்ளைக்கொடி ஏந்திச் சென்ற தூதுக் குழுவினர் வெப்பக் கதிரால் எரிக்கப்படுகின்றனர். அத்துடன் பேச்சு முடிந்தது. வந்தவர்களுக்கு அறிவு உண்டு, நெஞ்சம் இல்லை. பின்வந்தோர் பலர் வெல்ஸிடமிருந்து இக்குறையை எடுத்துக்கொண்டு, அவர் காட்டிய கண்ணாடியை விட்டுவிட்டனர்.

அதற்கு எடுத்துக்காட்டு, அமெரிக்கரான ராபர்ட் ஹைன்லைன் 1959இல் வெளியிட்ட 'ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்'. போர் வீரனின் பயிற்சியையும் கட்டுப்பாட்டையும் இவர் விறுவிறுப்பாக எழுதியிருக்கிறார் என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால், அவ்வீரர்கள் போரிடும் பகைவர் சிலந்தியை ஒத்த அயலுயிர்கள். நூல் முழுவதும் அவற்றுக்குப் 'பூச்சிகள்' என்றே பெயர். அவையும் கருவிகள் செய்கின்றன, விண்கலம் ஓட்டுகின்றன. இருந்தும் அவற்றின் குரல் நூலில் ஓரிடத்தும் கேட்பதில்லை. ஒரு கூட்டத்தாருக்குப் பூச்சி என்று பெயரிட்டுவிட்டால், பிறகு நசுக்குவது பாவமாகத் தோன்றாது. இவ்வித்தை கற்பனை உலகத்தோடு நின்றுவிடவில்லை. மனிதரையே பூச்சி என்றும் புழு என்றும் அழைத்து அழித்த கொடுமைகளை இருபதாம் நூற்றாண்டின் வரலாறு கண்டிருக்கிறது. பிள்ளைகள் இந்நூலைப் படிப்பதாயின், பெற்றோர் உடனிருந்து இதனைச் சுட்டிக்காட்ட வேண்டும் என்போம். ஈமானுக்கு ஊறு நேர்வது செவ்வாய்வாசியால் அன்று. பிறிதோர் உயிரை இழிவாகக் காணும் இப்பார்வையினால்தான்.

நாம் படித்தவற்றுள் தலைசிறந்தது போலந்து நாட்டு ஆசிரியர் ஸ்தனிஸ்லாவ் லெம் 1961இல் வெளியிட்ட 'சோலாரிஸ்' ஆகும். சிவப்பும் நீலமுமான இரு சூரியன்களைச் சுற்றும் ஒரு கோள். அதனை ஏறக்குறைய முழுவதும் மூடிக்கிடக்கும் ஒரு கடல். அக்கடலே உயிருள்ளது என எண்ணப்படுகிறது. தலைமுறை தலைமுறையாக அறிஞர்கள் அதை ஆராய்ந்து, நூலகம் நிறைய ஏடுகளை எழுதிக் குவித்துவிட்டனர். அது எழுப்பும் விந்தை வடிவங்கள் ஒவ்வொன்றுக்கும் பெயர் சூட்டினர், வகை பிரித்தனர். அது சிந்திக்கிறதா, நம்மை அறிகிறதா என்பது மட்டும் எவருக்கும் விளங்கவில்லை. ஆதம் (அலை) அவர்களுக்குப் பெயர்கள் கற்பிக்கப்பட்ட நிகழ்ச்சியில், தங்களுக்குக் கற்பிக்கப்பட்டதன்றி வேறறிவு தங்களுக்கில்லை என மலக்குகள் ஒப்புக்கொண்டார்கள். சோலாரிஸ் அறிஞர்களிடம் பெயர்கள் நிறைய இருந்தன. அந்த ஒப்புதல்தான் இல்லை.

ஆராய்ச்சி நிலையத்திற்கு வந்து சேரும் கெல்வின் என்பவன் முன்னால், இறந்துபோன அவன் மனைவி ஹேரி தோன்றுகிறாள். அவன் விட்டுப் பிரிந்ததனால் தன்னுயிரை மாய்த்துக்கொண்டவள் அவள். அவனுடைய நினைவின் ஆழத்திலிருந்து கடல் அவளை உருவாக்கி அனுப்பியிருக்கிறது. அஞ்சிய கெல்வின் அவளை ஏவுகலத்தில் ஏற்றி வெளியே அனுப்பிவிடுகிறான். மறுபடியும் வந்து நிற்கிறாள். கோடிக்கணக்கான கல் கடந்து அயலுயிரைக் காணச் சென்றவன், தான் மறைத்துவைத்த குற்றத்தையே எதிரே காண்கிறான். இதைவிட நுட்பமாக முஹாஸபா எனும் தன்னாய்வைப் புனைகதையில் சொல்ல முடியுமா என்று நாம் வியந்தோம். மனிதர்கள் தேடிச் செல்வது வேற்றுலகங்களை அன்று, தங்களைக் காட்டும் கண்ணாடிகளையே என்று அங்குள்ள இன்னொரு விஞ்ஞானி கூறும் கருத்து, இத்துறை நூல்கள் அனைத்துக்கும் பொருந்தும் திறனாய்வாகும்.

நாம் ஒவ்வாத இடமும் இந்நூலில் உண்டு. இறுதிப் பகுதியில் கெல்வின், குறையுள்ள ஒரு கடவுளைப் பற்றி, தான் படைத்ததன் விளைவை அறியமாட்டாத ஒரு கடவுளைப் பற்றிப் பேசுகிறான். எல்லாம் அறிந்தவனும் குறைகளினின்றும் தூயவனுமாகிய அல்லாஹ்வை நம்பும் நமக்கு இது ஏற்புடையதன்று. தன் துயரத்தின் அளவுக்குக் கடவுளைச் சுருக்கிக்கொண்ட ஒருவனின் புலம்பல் என்றே இதைக் கொள்ள வேண்டும். எனினும், நூல் இப்பேச்சோடு முடிவதில்லை. கெல்வின் கடலின் கரையோரம் சென்று கையை நீட்டுகிறான். எழுந்துவரும் அலை அவன் கையைச் சூழ்ந்துகொள்கிறது, ஆனால் தொடுவதில்லை, இடையே மெல்லிய காற்றுப் படலம் நிற்கிறது. ஆயுதமின்றி, பெயர்ப் பட்டியலின்றி, அயலுயிரின் முன் மனிதன் பணிவோடு நிற்கும் இடம் அது. எறும்பின் சொல்லைக் கேட்பதற்குச் செவி தாழ்த்துவது இப்படித்தான் தொடங்கும்.

இங்கே இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். இவ்வகை நூல்களெல்லாம் எங்களவர் அன்றே எழுதியவைதாம் என நம்மவருள் சிலர் பெருமை பேசுகின்றனர். இப்னு துஃபைலின் 'ஹய்யு பின் யக்ழான்', இப்னுந் நஃபீஸின் 'அர்ரிஸாலத்துல் காமிலிய்யா' ஆகியவற்றை அதற்குச் சான்றாகக் காட்டுவர். இவை ஒப்பற்ற நூல்கள். தனித்த தீவில் வளரும் ஒரு மனிதன் அறிவினால் எதுவரை எட்ட முடியும் என ஆராய்பவை. ஆனால், இவற்றின் நாயகர்கள் வேற்றுக் கோளுக்குப் பயணம் போவதில்லை. அயலுலகத்தாரைச் சந்திப்பதும் இல்லை. இல்லாத பெருமையை ஏற்றிச் சொல்வதைவிட, இருக்கும் பெருமையை அறிந்து அந்நூல்களை ஓதுவதே அவர்களுக்கு நாம் செய்யும் மரியாதை. அவ்வாறே, நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் மிஃராஜை விண்வெளிப் பயணக் கதைகளோடு ஒப்பிட்டு மேடையில் பேசுவதும் அதபுக்குப் பொருந்தாது. அது அல்லாஹ்வின் அழைப்பு. இவை மனிதரின் கற்பனை.

தவணை முடிந்து வணிகரிடம் நூலைத் திருப்பிக் கொடுத்தோம். "பையன் படிக்கட்டும். படித்து முடித்ததும் நம்மிடம் வரச் சொல்லுங்கள், அந்நம்லு அத்தியாயத்தை அவனுடன் சேர்ந்து ஓத விரும்புகிறோம்" என்றோம். அவர் சிறிது தயங்கிப் பிறகு தலையசைத்தார். மறுவாரம் பையன் வந்தான். ஓதி முடித்தபின் அவன் கேட்ட முதற்கேள்வி இதுதான்: "ஹஜ்ரத், செவ்வாய்க்காரர்கள் பேசியது நமக்கு விளங்கவில்லையா, அல்லது நாம்தான் கேட்கவில்லையா?"

அக்கேள்விக்கு நம்மிடம் ஆயத்தமான விடை இல்லை. அதைக் கேட்கத் தூண்டிய நூலைத் தடுக்காமல் விட்டதற்காக அல்லாஹ்வைப் புகழ்ந்தோம். அவனே யாவும் அறிந்தவன்.