எரித்ததில் எஞ்சிய தட்டு

பிரிட்டிஷ் இசைக்கலைஞர்கள் பில் டிரம்மண்டும் ஜிம்மி கோட்டியும் 1987-இல் வெளியிட்ட முதல் ஆல்பத்தில் சுவீடன் இசைக்குழு அபாவின் ‘டான்சிங் குயின்’ பாட்டு அனுமதியின்றி வெட்டி ஒட்டப்பட்டிருந்தது. பதிப்புரிமைச் சங்கம் பிரதிகளை அழிக்கச் சொன்னது. சமரசம் தேடி சுவீடன் போனவர்கள், அபாவைப் பார்க்க முடியாமல் ஒரு வயலில் தட்டுகளைக் கொளுத்தினார்கள். திரும்பும் வழியில் சிலவற்றைக் கடலில் எறிந்தார்கள். பின்னர் வந்த திருத்தப் பதிப்பில் இரவல் ஒலிகள் இருந்த இடங்களில் மௌனம். பழைய தட்டுகளைக் கொண்டு கேட்பவரே நிரப்பிக்கொள்ளக் குறிப்பு வேறு!

ஆகவே மூலத் தட்டைத் தேடுவதைப் பணக்காரப் பித்து என்று ஒதுக்க மனம் வரவில்லை. பாட்டு இணையத்தில் கிடைக்கிறதே என்பார்கள். கிடைக்கிறதுதான்; அழிக்கச் சொன்ன பொருள் அங்கே இல்லை. திருட்டைக் கொண்டாடலாமா என்பது கனமான கேள்வி. சேகரிப்பவர் கொட்டும் பணத்தில் அபாவுக்கும் காசில்லை, இவர்களுக்கும் காசில்லை. ஆனால் அந்த வழக்கை எடைபோட, குற்றம் சாட்டப்பட்ட ஒலி முழுசாகக் காதில் விழ வேண்டாமா?