குறிப்பு என்ற பெயரில்

1843இல் வெளியான ஒரு மொழிபெயர்ப்பை வாசித்தேன். சார்லஸ் பாபேஜ் திட்டமிட்ட கணிப்பொறி பற்றி மெனாப்ரியா பிரெஞ்சில் எழுதிய கட்டுரையை ஏடா லவ்லேஸ் ஆங்கிலமாக்கியிருந்தார். அவர் சேர்த்த குறிப்புகளோ கட்டுரையைப்போல் ஏறத்தாழ மூன்று மடங்கு. கடைசிக் குறிப்பில் பெர்னோலி எண்களைக் கணிக்கும் அல்காரிதம், 25 செயல்களாக அட்டவணையில் நிற்கிறது. 13 முதல் 23 வரை மீண்டும் செய்யச் சொல்கிறது. கையொப்பம் வெறும் ஏ.ஏ.எல்.

"அது பாபேஜின் வேலைதானே?" என்று இன்றும் கேட்கிறார்கள். அந்த எண்களுக்கான இயற்கணிதத்தைத் தாம் செய்து கொடுத்ததை பாபேஜே 1864இல் எழுதினார். அதிலிருந்த பெரும்பிழையை ஏடா கண்டுபிடித்துத் திருப்பியனுப்பியதையும் எழுதினார். முதல் பாதியை மட்டும் மேற்கோள் காட்டுவது விமர்சனமா?

'முதல் நிரலாளர்' என்ற பட்டமும் எனக்குப் போதவில்லை. பட்டம் தந்தவர்களில் எத்தனை பேர் அந்த அட்டவணையை வாசித்தோம்?