விடைபெறும் பனிமலை

1942ஆம் ஆண்டு. அமெரிக்கா உலகப் போரில் இறங்கிவிட்டது. அவ்வாண்டில், எம்.ஜி.எம். நிறுவனத்தின் 'டிராவல்டாக்ஸ்' பயணப்பட வரிசையில் வெளியானது, 'கிளேசியர் பார்க் அண்ட் த வாட்டர்டன் லேக்ஸ்' என்னும் வண்ணக் குறும்படம். வரிசையின் தயாரிப்பாளரும் விளக்கவுரையாளருமாக விளங்கியவர் ஜேம்ஸ் ஃபிட்ஸ்பாட்ரிக்.

மொன்டானா மாநிலத்தில் 1910இல் உருவான கிளேசியர் தேசியப் பூங்காவும், அதனையொட்டிக் கனடாவிலுள்ள வாட்டர்டன் ஏரிப் பூங்காவும் 1932இல் ஒரே பன்னாட்டு அமைதிப் பூங்காவாக இணைக்கப்பட்டன. நாடுகள் எல்லைக் கோடுகளுக்காகக் குருதி சிந்திய காலத்தில், அத்தகைய எல்லையொன்றைத் திரையில் காட்டியதே இப்படத்தின் முதற்சிறப்பு. மலையும் ஏரியும் டெக்னிகலர் வண்ணத்தில் கண்ணை நிறைக்கின்றன. அரியணையிலிருக்கும் அரசரைப் புகழ்வதுபோல் ஃபிட்ஸ்பாட்ரிக்கின் குரல் அவற்றைப் புகழ்கிறது.

ஆயினும் அழகு முழு உண்மையாகிவிடாது. பூங்காவின் கிழக்குப் பகுதி பிளாக்ஃபீட் பழங்குடியினரின் மண். எருமைக் கூட்டங்கள் அழிந்தபின், 1883-84 குளிர்காலத்தில் அம்மக்களில் நூற்றுக்கணக்கானோர் பசியால் மடிந்தனர். வறுமையில் வாடிய அவர்களிடமிருந்து 1895இல் அம்மலைப்பகுதியை அரசு 15 லட்சம் டாலருக்குப் பெற்றது. வேட்டையாடவும் மீன்பிடிக்கவும் மரம் வெட்டவும் ஒப்பந்தத்தில் இருந்த உரிமைகள், பூங்கா வந்தபின் மறுக்கப்பட்டன. அதே மக்களின் உருவங்களைக் கொண்டே கிரேட் நார்தர்ன் ரயில் நிறுவனம் பயணிகளை அழைத்தது. பயணப்படங்கள் பொதுவாக மண்ணின் மைந்தரை இயற்கைக் காட்சியின் அணிகலனாகவே காண்கின்றன. அவர்களது இழப்பைக் கேட்பதில்லை. படைப்பைப் போற்றும் கண், அதிலே வாழ்ந்த மனிதரைக் காணத் தவறினால், அந்தப் போற்றுதல் குறையுடையதே.

மற்றொரு வேதனையும் உண்டு. பூங்காவுக்குப் பெயர் தந்த பனியாறுகளே குறைந்துவருகின்றன. பெயரிடப்பட்ட பனியாறுகளுள், பனியாறு என்று கொள்ளத்தக்க அளவுடையவை 1966இல் 35. 2015இல் 26 மட்டுமே. புவி வெப்பமடைவதே இதற்கு முதன்மைக் காரணம்.

சூரியன் மறையும் காட்சியோடு, தயக்கத்துடன் விடைபெறுவது ஃபிட்ஸ்பாட்ரிக் படங்களின் புகழ்பெற்ற வழக்கம். அன்று பார்வையாளர் மலையிடம் விடைபெற்றனர். இன்றோ, மலையின் பனியே நம்மிடம் விடைபெறுகிறது. இப்பழைய படத்தை ரசிப்பதில் தவறில்லை. ரசித்தபின், இழந்தவர் யார், இழக்கச் செய்தவர் யார் என்று கேளாமல் எழுந்துபோவதே தவறு.