எழுவாய் எங்கே?
மாணவர்களுக்குச் சொல்லாடலை அறிமுகப்படுத்துவது குறித்து

‘சொல்லாடல்’ என்ற சொல் தமிழ்ச் சிற்றிதழ்களில் புழங்கத் தொடங்கி முப்பது ஆண்டுகளுக்கு மேலாகிறது. 1982இல் தமிழவனின் ‘ஸ்ட்ரக்சுரலிசம்’ வெளிவந்தது. பின்னர் பாளையங்கோட்டையிலிருந்து சிவசு நடத்திய ‘மேலும்’, அப்புறம் ‘நிறப்பிரிகை’ என்று இச்சொல்லும் பிரதி, கதையாடல், கட்டவிழ்ப்பு முதலான இதன் உறவுக்காரச் சொற்களும் ஒரு தலைமுறைக்கு அறிமுகமாயின. இன்று இவை பாடத்திட்டத்திற்குள்ளும் வந்துவிட்டன. ஆனால் எம்.ஏ. தமிழ் முடித்து வரும் ஒரு பிள்ளையிடம் ‘சொல்லாடல்னா என்னப்பா?’ என்று கேட்டால் ஃபூக்கோ என்ற பெயர் வருகிறது, அதிகாரம் என்ற சொல் வருகிறது, அதோடு சரி. காலையில் பஸ்ஸில் அவர் படித்துவந்த தினசரியைக் கையில் கொடுத்து ‘இதுல சொல்லாடலைக் காட்டுங்க’ என்றால் முழிக்கிறார். கோளாறு பிள்ளையிடம் இல்லை. கோட்பாட்டை ஒரு தாளாகவும் இலக்கணத்தை வேறொரு தாளாகவும் பிரித்து வைத்துச் சொல்லித்தரும் முறையில் இருக்கிறது.

நெல்லைப் பக்கத்து மாணவர்கள் சிலரோடு மாதம் ஒருமுறை கூடிப் பேசிவருகிறேன். சொல்லாடல் பகுப்பாய்வை ஃபூக்கோவிலிருந்து தொடங்க வேண்டியதில்லை, ஒன்பதாம் வகுப்பு இலக்கணத்திலிருந்தே தொடங்கலாம், தொடங்கவேண்டும் என்பது இந்தக் கூட்டங்களிலிருந்து எனக்கு ஏற்பட்ட துணிபு. எழுவாய், பயனிலை, தன்வினை, பிறவினை, செய்வினை, செயப்பாட்டுவினை ஆகிய ஆறு சொற்கள் போதும். இவற்றை மதிப்பெண்ணுக்காக மனப்பாடம் செய்த மாணவருக்கு, இவை ஊரில் நடந்த சாவுகளைப் பற்றிப் பேசவும் பயன்படுபவை என்று மட்டும் யாரும் சொல்லவில்லை.

1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் நடந்தது இங்குள்ள எவருக்கும் தெரியும். சிறையிலிருந்த மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களை விடுவிக்கக் கோரியும் கூலி உயர்வு கேட்டும் புதிய தமிழகம் கட்சியும் பிற கட்சிகளும் கொக்கிரகுளத்து ஆட்சியர் அலுவலகத்தை நோக்கி ஊர்வலமாகச் சென்றன. போலீஸ் தடியடி நடத்தியது. ஜனங்கள் தாமிரபரணிக்குள் ஓடினார்கள். 17 பேர் செத்தார்கள். அவர்களில் இரண்டு பேர் பெண்கள், ஒன்று கைக்குழந்தை. பின்னர் நீதிபதி எஸ்.மோகன் தலைமையிலான விசாரணைக் கமிஷன் போலீஸ் நடவடிக்கை நியாயமானதே என்ற முடிவுக்கு வந்தது.

இந்நிகழ்வை வைத்து நான்கு வாக்கியங்களை மாணவர்முன் வைப்பது என் வழக்கம். எந்தப் பத்திரிகையிலிருந்தும் எடுத்தவை அல்ல, பயிற்சிக்காக நானே எழுதியவை. ஒன்று: ‘போலீஸார் ஊர்வலத்தினரை அடித்து ஆற்றுக்குள் விரட்டினர், 17 பேர் இறந்தனர்.’ இரண்டு: ‘தடியடியின்போது ஆற்றில் விழுந்து 17 பேர் இறந்தனர்.’ மூன்று: ‘ஊர்வலத்தில் ஏற்பட்ட மோதலில் 17 பேர் உயிரிழந்தனர்.’ நான்கு: ‘ஆற்றில் மூழ்கி 17 பேர் பலி.’

நான்கில் எதையும் பொய் என்று தள்ளிவிட முடியாது என்பதுதான் முதல் பாடம். மாணவர் சாதாரணமாகப் பொய்யைத் தேடுகிறார். பொய் அகப்படாவிட்டால் ‘நடுநிலையாத்தான் எழுதியிருக்கான்’ என்று விட்டுவிடுகிறார். இங்கே பார்க்க வேண்டியது எழுவாயின் இடப்பெயர்ச்சி. முதல் வாக்கியத்தில் போலீஸ் எழுவாய். இரண்டாவதில் ‘தடியடி’ என்ற தொழிற்பெயர் மட்டும் மிஞ்சுகிறது, அடித்தவர் அதற்குள் புதைந்துபோகிறார். மூன்றாவதில் மோதல் தானாகவே ‘ஏற்பட்டு’விடுகிறது, இரண்டு தரப்பும் சரிசமமாக மோதிக்கொண்டது போல ஒரு தோற்றமும் வந்துவிடுகிறது. நான்காவதில் ஆறும் பிணங்களும் மட்டும்தான். மூழ்கினர் தன்வினை, மூழ்கடித்தனர் பிறவினை. விழுந்தனர் தன்வினை, வீழ்த்தினர் பிறவினை. ‘ஆத்துல விழுந்து செத்தாங்கன்னா, யாரு சார் விழச் சொன்னா?’ என்று ஒரு மாணவி கேட்டார். தன்வினைக்கும் பிறவினைக்கும் இதைவிட நல்ல விளக்கத்தை நான் எந்த உரையிலும் படித்ததில்லை.

‘பலி’ என்ற சொல்லை ஓர் இளைஞர் பிடித்துக்கொண்டார். சுடலைமாடன் கொடை பார்த்து வளர்ந்தவர். ‘கோயில்ல பலின்னா குடுக்கதுக்கு ஒரு ஆள் இருக்கான், வாங்குததுக்கு ஒரு சாமி இருக்கு. பேப்பர்ல மட்டும் ரெண்டுமே இல்லாம பலி எப்படி நடக்கு?’ தினமும் தலைப்புகளில் பார்த்துப் பார்த்துத் தேய்ந்துபோன ஒரு குறிப்பான், இந்தக் கேள்வியில் தன் பழைய ரத்தத்தோடு திரும்பி வந்தது.

இத்தகைய வாசிப்புக்கு வெளியே ஒரு முன்னோடி உண்டு. 1975 ஜூன் 1 அன்று, அப்போது ரொடீஷியா எனப்பட்ட நாட்டின் சாலிஸ்பரி நகரில் (இன்றைய ஜிம்பாப்வேயின் ஹராரே) ஆப்பிரிக்கர்களின் கூட்டத்தின்மீது போலீஸ் சுட்டது. மறுநாள் லண்டன் நாளிதழ்கள் இட்ட தலைப்புகளை டோனி ட்ரூ ஒப்பிட்டு ஆராய்ந்தார். ‘கார்டியன்’ போலீஸை எழுவாயாக்கியிருந்தது. ‘டைம்ஸ்’ செத்தவர்களைக் கலகக்காரர்கள் என்ற அடையோடு முன்னே நிறுத்தி, போலீஸைச் செயப்பாட்டுவினையின் வாலுக்குத் தள்ளியிருந்தது. அடுத்து வந்த எழுத்துகளில் போலீஸ் மங்கிப்போய், சாவுகள் ‘உயிரிழப்பு’ ஆயின. ராஜர் ஃபௌலர், பாப் ஹாட்ஜ், குந்தர் கிரெஸ் ஆகியோருடன் ட்ரூ சேர்ந்து 1979இல் வெளியிட்ட ‘மொழியும் கட்டுப்பாடும்’ என்ற ஆங்கில நூலில் இது இருக்கிறது. விமர்சன மொழியியல் என்று பின்னால் அறியப்பட்ட போக்கு, ஆக, ஒரு துப்பாக்கிச்சூட்டின் எழுவாயைத் தேடிப் போனதில் வலுப்பெற்றது.

நம் மரபிலும் இதற்கான கருவி இல்லாமலில்லை. செயப்படுபொருளையே செய்ததுபோலச் சொல்லும் வழக்கைத் தொல்காப்பியம் வினையியலில் குறித்திருக்கிறது. திண்ணையை ஒருத்தி மெழுகியிருக்க, திண்ணை மெழுகியது என்று சொல்வது இதற்கு உரையாசிரியர்கள் வழி வந்த உதாரணம். மெழுகியவள் யார், அவளுக்குக் கூலி உண்டா என்று உரை கேட்பதில்லை. நன்னூல் தகுதி வழக்கின்கீழ்ச் சொல்லும் இடக்கரடக்கல், மங்கலம், குழூஉக்குறி மூன்றும், எதை எந்த அவையில் எப்படி மறைத்துச் சொல்வது என்பதன் இலக்கணந்தானே? இவை சமூகத்தைப் பற்றிய விதிகளும்கூட என்று வாசிக்க வேண்டியது நம் வேலை. இதே மாவட்டத்து இடையன்குடியில் வாழ்ந்த கால்டுவெல் 1856இல் வெளியிட்ட ஒப்பிலக்கணத்தில், திராவிட மொழிகளில் அசலான செயப்பாட்டுவினை கிடையாது, ‘படு’ என்ற துணைவினையைக் கொண்டு சமாளிக்கிறார்கள் என்று வாதிட்டார். பேச்சில் யாரும் ‘சோறு பொங்கப்பட்டது’ என்பதில்லை, ‘பொங்கியாச்சு’ என்கிறோம். அலுவலகத் தமிழில் மட்டும் திரும்பின பக்கமெல்லாம் ‘படும்’.

‘நடவடிக்கை எடுக்கப்படும்.’ யார் எடுப்பார்? எப்போது? ஒன்றைச் சொல்வதே ஒன்றைச் செய்வதாகும் சந்தர்ப்பங்களைப் பற்றி ஆஸ்டின் பேசினார். அவர் உரைகள் அவர் மறைவுக்குப்பின் 1962இல் நூலாயின. சொன்னது செயலாக வேண்டுமானால் சொல்பவருக்கு அதற்கான தகுதியும் இடமும் வழக்கமும் அமைய வேண்டும் என்பது அவர் வாதம். திங்கட்கிழமைதோறும் ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் குறைதீர்க்கும் நாளுக்குப் போய் நின்று பார்த்தால் ஆஸ்டின் புரிவார். மனு என்பது கேட்பவரைத் தாழ்த்தி, கேட்கப்படுபவரை உயர்த்தி, பிறகுதான் விஷயத்துக்கு வர அனுமதிக்கும் ஒரு வடிவம். கந்துவட்டிக் கொடுமை பற்றிப் பலமுறை மனு கொடுத்த ஒரு கூலித் தொழிலாளி, 2017 அக்டோபர் 23 அன்று, மனைவியோடும் இரு பெண் குழந்தைகளோடும் அதே கொக்கிரகுளத்து வளாகத்தில் தீக்குளித்தார். நால்வரும் இறந்தனர். அதைக் கண்டித்துக் கார்ட்டூன் போட்ட பாலாவை நவம்பரிலேயே போலீஸ் கைது செய்தது. மனுவுக்கு ‘எடுக்கப்படும்’, கார்ட்டூனுக்கு ‘எடுத்தார்கள்’. வினைமுற்றின் இந்த வேறுபாட்டில் ஓர் அரசியல் இருக்கிறது.

இங்கே ஓர் எச்சரிக்கை அவசியம். எழுவாய் காணாமல்போன இடமெல்லாம் சூழ்ச்சி என்று மாணவர் முடிவுகட்டிவிடக் கூடாது. தமிழில் தோன்றா எழுவாய் இயல்பு. விகுதியே ஆளைக் காட்டிவிடும். மேலும், அடிபட்டவர்களும் எழுவாயை மறைக்கிறார்கள். ‘அடிச்சுட்டாங்க’ என்கிறார் ஒருவர். யார் என்று அவருக்கும் தெரியும், கேட்பவருக்கும் தெரியும். பெயரைச் சொன்னால் வழக்கு வரும், ஊருக்குள் இருக்க முடியாது. அந்த ‘ஆங்க’ விகுதி அவருக்கு ஒரு மறைப்புத் தட்டி. அதிகாரத்துக்கு வசதியாக இருக்கும் அதே இலக்கணம் அதிகாரமற்றவனுக்குப் பாதுகாப்பாகவும் இருக்கிறது. ஆகவே வாக்கியத்தைத் தனியே அறுத்து எடுத்துப் பார்த்தால் ஒன்றும் கிடைக்காது. யார் சொல்கிறார், யாரிடம், எந்த இடத்தில், சொல்லாவிட்டால் யாருக்கு என்ன நட்டம் என்று சேர்த்துக் கேட்டால்தான் அது சொல்லாடல் பகுப்பாய்வு. கேட்காதவரை வெறும் வாக்கியப் பகுப்பு.

அடுத்தது நம்மைப் பற்றியது; சிற்றிதழ்க்காரர்களுக்குக் கொஞ்சம் கசக்கும். ‘சொல்லாடல் கட்டமைக்கிறது’, ‘அதிகாரம் செயல்படுகிறது’, ‘பிரதி விளிம்பைக் கட்டுகிறது’ என்று எழுதுகிறோம். இவ்வாக்கியங்களின் எழுவாய்கள் யாவை? தடியைப் பிடித்த கை, உத்தரவு போட்ட வாய், அறிக்கையில் கையெழுத்திட்ட பேனா எல்லாம் போய், சொல்லாடல் என்ற ஒரு பெரிய மாடன் எல்லாவற்றையும் செய்துகொண்டிருக்கிறது. கமிஷன் மொழி ஆற்றின்மேல் பழி போட்டால், நாம் சொல்லாடலின்மேல் போடுகிறோம். எதிர்க்கதையாடலும் இதற்கு விலக்கல்ல. ‘தாமிரபரணிப் படுகொலை’ என்ற தொடர் ‘தள்ளுமுள்ளு’ என்ற சொல்லை எதிர்த்து எழுந்தது, அதன் நியாயத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் ஆண்டுதோறும் ஜூலை 23இல் ஆற்றில் மலர் தூவும்போது வரும் அறிக்கைகளில் செத்தவர்கள் செயப்படுபொருளாகவே நிற்கிறார்கள். கூலி கேட்டார்கள், சிறையிலிருந்தவர்களை விடச் சொன்னார்கள், நடந்தார்கள் என்ற வினைமுற்றுகள், அவர்களே எழுவாயாக இருந்த வினைமுற்றுகள், எங்கே போயின? ஆர்.ஆர்.சீனிவாசன் எடுத்த ஆவணப்படத்தின் தலைப்பு ‘ஒரு நதியின் மரணம்’. இந்தத் தலைப்பைப் பற்றி எங்கள் கூட்டத்தில் ஒரு மாலை முழுக்கச் சண்டை. ஆறும் சேர்ந்து செத்தது என்று சாவின் கனத்தை அது கூட்டுகிறது என்றார் ஒருவர்; மனுஷன் செத்ததை நதிக்குத் தூக்கிக் கொடுத்துவிட்டது என்றார் இன்னொருவர். இரண்டுக்கும் இடமிருக்கிறது. அப்படி ஒரு சண்டையை நடத்த மாணவருக்குக் கருவி கிடைத்ததே எனக்கு முக்கியம்.

அந்தக் கருவிக்கு வேலை இன்னும் இருக்கிறது. 1929இல் சிங்கம்பட்டி ஜமீனிடமிருந்து 8,373 ஏக்கர் காட்டை 99 ஆண்டுக் குத்தகைக்கு எடுத்தது பாம்பே பர்மா நிறுவனம். குத்தகை 2028இல் முடிகிறது. 2024இல் தொழிலாளர்களுக்கு அது கொடுத்த தாளின் பெயர் ‘விருப்ப ஓய்வு’. தலைமுறைகளாக அங்கேயே பிறந்து கொழுந்து பறித்தவர்கள் மலையை விட்டு இறங்கவேண்டும் என்பது அதன் பொருள். பலர் நீதிமன்றம் போனார்கள். 1999இல் ஊர்வலம் போனவர்கள் யாருடைய விடுதலைக்காகப் போனார்களோ அந்தத் தோட்டத்து ஜனங்கள்தான் இவர்கள்.

அடுத்த கூட்டத்துக்கு மாணவர்களிடம் ஒரு வேலை கொடுத்திருக்கிறேன். ‘விருப்ப ஓய்வு’ என்ற தொகையை விரித்து எழுதி வரவேண்டும். விருப்பம் யாருடையது, ஓய்வு யாருக்கு என்ற இரண்டையும் சொல்லி, எழுவாய் விடுபடாமல் ஒரே வாக்கியமாக எழுதவேண்டும். இவர்களில் சிலர் நாளை நிருபராவார்கள், சிலர் தாலுகா ஆபீஸ் கிளார்க், சிலர் போலீஸ்காரர். ‘எடுக்கப்படும்’ என்று எழுதப்போகும் கைகள் இவை. எழுதுமுன் அந்தக் கை ஒரு நொடி தயங்கினால் இலக்கண வகுப்பு நடந்ததற்குப் பலன் உண்டு.