இடுப்புறைத் துப்பாக்கி: பாணிகளும் பரிசோதனைகளும்

எந்தப் போரும் கைத்துப்பாக்கியால் வெல்லப்பட்டதில்லை. பீரங்கிக்கும் ரைஃபிளுக்கும் பக்கத்தில் அது எடுபிடி ஆயுதம்தான். ஆனாலும் அதன் குண்டு எவ்வளவு பருமன், விசை எவ்வளவு இறுக்கம் என்று ராணுவங்கள் தலைமுறை தலைமுறையாகச் சண்டை போட்டிருக்கின்றன.

குதிரைக்காரனுக்காகப் பிறந்தது அது. எரியும் திரியை வைத்துக்கொண்டு கடிவாளத்தையும் பிடிக்க முடியாது. 16ஆம் நூற்றாண்டில் வந்த சக்கரப்பொறி அந்தத் தொல்லையைத் தீர்த்தது. சாவி கொடுத்து முறுக்கிய எஃகுச் சக்கரம், விசையை இழுத்ததும் சுழன்று கல்லில் உரசித் தீப்பொறி தரும். முன்கூட்டியே கெட்டித்துச் சேணத்து உறையில் செருகிக்கொள்ளலாம். 'ரைட்டர்' எனப்பட்ட ஜெர்மானியக் குதிரை வீரர்கள் வரிசை வரிசையாகப் பாய்ந்து வந்து சுட்டுவிட்டுத் திரும்புவார்கள். கடிகாரம் போன்ற அந்தப் பொறியின் விலைதான் கட்டுப்படியாகவில்லை. மலிவான சிக்கிமுக்கிப் பொறி அதன் இடத்தைப் பிடித்தது.

1836இல் சாமுவேல் கோல்ட் சுழலும் சிலிண்டருக்கு அமெரிக்கக் காப்புரிமை பெற்றார். 1847இல் வந்த 'வாக்கர்' ரிவால்வர் ஏறக்குறைய 2 கிலோ. இடுப்பில் கட்டினால் இடுப்பு தாங்காது. அதையும் குதிரைதான் சுமந்தது.

பாணிகள் பிரிந்தது 1851இல், லண்டன் மாபெரும் கண்காட்சியில். கோல்ட் ஒரு பக்கம், ராபர்ட் ஆடம்ஸ் இன்னொரு பக்கம். கோல்ட்டின் கருவியில் ஒவ்வொரு முறையும் கட்டைவிரலால் சுத்தியலைப் பின்னிழுக்க வேண்டும். விசை இலகு, குறி தப்பாது. ஆடம்ஸின் கருவியில் விசையை இழுத்தால் போதும், சிலிண்டர் சுழன்று, சுத்தியல் எழுந்து விழும், விரலுக்குத்தான் பாரம். கைகலப்பில் நிற்பவனுக்கு எது தேவை என்று கேட்டால் நான் ஆடம்ஸ் பக்கம். பிறகு போமாண்ட் என்ற அதிகாரி இரண்டையும் ஒரே கருவியில் இணைத்தார். பிரிட்டிஷ் ராணுவம் அதை ஏற்றது. கோல்ட் தன் லண்டன் தொழிற்சாலையை மூடிவிட்டு ஊர் திரும்பினார்.

அந்த வழியின் உச்சம் வெப்லி. 1887இல் படைக்கு வந்தது. 1915இல் வந்த ஆறாம் மார்க்தான் அதன் முழு வளர்ச்சி. கட்டைவிரலால் பக்கத்துத் தாழை அழுத்தினால் குழல் கீலில் மடங்கித் தலைகுனியும். சிலிண்டரின் நடுவிலிருந்து நட்சத்திர வடிவத் தட்டு எழும்பி ஆறு காலித் தோட்டாக்களையும் ஒரே வீச்சில் வெளியே தள்ளும். ஒரு கிலோவுக்குச் சற்று மேல் எடை. தோட்டா வெடிக்காவிட்டாலும் கலக்கமில்லை. இன்னொரு முறை விசையை இழுத்தால் அடுத்த அறை வந்து நிற்கும். கைப்பிடியின் அடியில் ஒரு இரும்பு வளையம். அதில் கயிற்றைக் கோத்துக் கழுத்தில் மாட்டிக்கொண்டால் கை நழுவினாலும் துப்பாக்கி தொங்கும், தொலையாது.

ஜெர்மன் பாணி வேறு, அது தானியங்கி. போர்ஷார்ட் 1893இல் காட்டிய வழியை லூகர் செதுக்கிச் சீராக்கினார். முழங்கால் போல மேல்நோக்கி மடங்கும் மூட்டு அதன் அடையாளம். ஸ்விட்சர்லாந்து 1900இலும், ஜெர்மன் கடற்படை 1904இலும், தரைப்படை 1908இலும் அதை எடுத்துக்கொண்டன. அழகில் அதற்கு ஈடு இல்லை. ஆனால் கொஞ்சம் நாசூக்கான பிள்ளை, சேறும் மோசமான தோட்டாவும் ஆகாது. அதற்கென்று பிறந்த 9 மி.மீ. பாராபெல்லம் தோட்டாவோ இன்று நேட்டோ நாடுகளின் பொது அளவு.

அமெரிக்கர்களுக்குப் பிலிப்பைன்ஸில் கிடைத்தது கசப்பான பாடம். அவர்களுடைய .38 ரிவால்வர் பாய்ந்து வரும் மோரோ வீரர்களை நிறுத்தவில்லை என்று புகார். 1904இல் தாம்ப்ஸன், லகார்ட் என்ற இரு ராணுவ அதிகாரிகள் சிகாகோ இறைச்சிக்கூடத்து மாடுகளைச் சுட்டுப் பார்த்து, .45க்குக் குறையக் கூடாது என்று எழுதினார்கள். சில மாடுகளை வைத்துச் சொன்ன அந்த முடிவை அறிவியல் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆனால் அதன் பிறகு வந்த பரிசோதனை அசலானது. 1911 மார்ச்சில் கோல்ட் நிறுவனமும் சாவேஜ் நிறுவனமும் மோதின: ஆளுக்கு 6,000 தோட்டா. சாவேஜ் 37 முறை தடுமாறியது. ஜான் பிரௌனிங் வடிவமைத்த கோல்ட் ஒரு முறைகூட இல்லை. மார்ச் 29இல் ராணுவம் அதை ஏற்றது. 1985 வரை அதுவே அதிகாரபூர்வ ஆயுதம். (1911 ஜூனில் மணியாச்சியில் வாஞ்சிநாதன் கையில் இருந்ததும் பிரௌனிங்தான், பெல்ஜியத்தில் செய்த வேறொரு வகை.)

ராணுவம் ஏற்ற அந்தக் கோல்ட்டின் சூட்சுமம் எளிது. குழலும் மேல்மூடியும் பூட்டிக்கொண்டு சேர்ந்தே பின்னால் போகும்; சிறிது தூரத்தில் குழலின் பின்பக்கம் கீழே சரிந்து பூட்டு விடுபடும். அவ்வளவுதான்.

1938இன் வால்தர் வேறு வழியில் போனது. அதில் முதல் குண்டுக்கு விசையே சுத்தியலைத் தூக்கும். ஆடம்ஸின் யோசனை தானியங்கியில் மறுபிறவி எடுத்தது. அந்த மரபில் வந்த பெரெட்டாதான் 1985இல் அமெரிக்காவில் பிரௌனிங்கை இறக்கியது. ஆனால் 1980களில் ஆஸ்திரிய ராணுவத்துக்கு கிளாக் தந்த பிளாஸ்டிக் உடம்புக்குள்ளும் சரிவது பிரௌனிங் குழல்தான். 2017இல் பெரெட்டாவின் இடத்தைப் பிடித்த சிக் துப்பாக்கிக்குள்ளும் அதேதான்.

பிரௌனிங் 1926இல் இறந்தார். அவர் பாதியில் விட்டதை பெல்ஜியத்தில் சேவ் என்ற வடிவமைப்பாளர் முடித்து 1935இல் 'ஹை பவர்' ஆக்கினார். மேகசினில் 13 தோட்டாக்கள். இரண்டாம் உலகப் போரில் கனடாவின் இங்கிலிஸ் நிறுவனம் அதை உற்பத்தி செய்தது. மேற்கு வங்கத்தின் இச்சாபூர் தொழிற்சாலை நம் ராணுவத்துக்குச் செய்து தந்த '9 மி.மீ. 1ஏ' அந்த இங்கிலிஸ் வார்ப்புதான். குதிரைகள் போய் எவ்வளவோ காலமாயிற்று. ஆனாலும் அந்த 1ஏயின் கைப்பிடி ஓரத்திலும் கயிறு கோக்க ஒரு வளையம் இருக்கிறது.