கல்லுக்குச் சாட்சி படம்

விருத்தாசலம் பழமலைநாதர் கோயிலின் சுவர் மாடத்தில் நின்ற கல் அர்த்தநாரீசுவரரை 2004-இல் சிட்னியிலுள்ள நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடம் வாங்கியது. விற்றவர் கலைப்பொருள் வணிகர் சுபாஷ் கபூர். விலை 3 லட்சம் டாலருக்கு மேல். இங்கே மாடம் காலியாகக் கிடக்கவில்லை. புதுச் சிலை ஒன்று நின்றது.

குட்டு உடைந்தது பழைய கறுப்பு வெள்ளைப் படங்களால். புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் 1956 முதல் ஊர் ஊராகப் போய்க் கோயில்களைப் படமெடுத்துச் சேர்த்தது. தொகுப்பில் ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட படங்கள். இதே கோயிலில் 1974-இல் எடுத்த பிரத்தியங்கரா தேவியின் படம், கான்பெராவின் தேசியக் கலைக்கூடத்திலிருந்த சிலையோடு அப்படியே பொருந்தியது. முகச்சாயலை மட்டும் நம்பி இதில் முடிவுக்கு வர முடியாது. எங்கே மூளி, எங்கே சிராய்ப்பு, எந்த விளிம்பு உடைந்திருக்கிறது என்று ஒவ்வொன்றாக ஒப்பிட வேண்டும். விருத்தாசலத்துப் பீங்கான் பட்டறையில் ஒரே அச்சில் வார்த்த பொம்மைகளைப் பிரித்தறிவது கடினம். சோழர் காலக் கல்லுக்கோ அச்சு கிடையாது. அர்த்தநாரீசுவரர் 2014-இலும் பிரத்தியங்கரா 2016-இலும் நாடு திரும்பினார்கள்.

படமெடுத்து வைக்கும் வழக்கத்துக்கு இதைவிட நற்சான்று வேண்டாம். ஆனாலும் அதை வானளாவப் புகழ எனக்கு மனமில்லை. அவை சிற்ப ஆய்வுக்காக எடுத்த படங்கள். களவைத் தடுக்க அல்ல. சிலை போனதைச் சொல்லும், என்று போனது என்று சொல்லாது. கோயில் ஓரூரில், படம் வேறூரில். யாராவது தேடிப் போனால்தான் அது வாய் திறக்கும்.

மறுபக்கம், பக்தருக்குக் கல்லின் வயது பொருட்டல்ல. மாடத்தில் நிற்பவரே சாமி. அதையும் குறை சொல்ல முடியாது. தேவாரம் திருமுதுகுன்றம் என்று பாடிய இந்தக் கோயிலை 10-ஆம் நூற்றாண்டில் செம்பியன் மாதேவி கற்றளியாக எடுப்பித்தார். அதற்கு முன்பு இருந்த கோயிலை நினைத்து யாரும் அழவில்லை. புதுப்பிப்பது நம் மரபுதான். ஆனால் அந்த அரசி செய்ததைக் கல்வெட்டு சொல்கிறது. அர்த்தநாரீசுவரர் மாறியது அப்படியா நடந்தது?

ஒவ்வொரு குடமுழுக்குக்கும் முன்பு எல்லாச் சிலைகளையும் அளவோடு, நாற்புறமும் படமெடுத்து, ஒரு பிரதியைக் கோயில் வாசலிலேயே மாட்டி வையுங்கள். தினமும் கும்பிட வருகிறவர்கள் பார்த்துக்கொள்வார்கள்.