பிறர் எடுத்த படச்சுருள்களின் ஆசிரியர்

சோவியத் சினிமாவைப் பற்றிய பேச்சில் ஐசன்ஸ்டைனும் வெர்டோவும் எப்போதும் முன்னிற்கின்றனர். ஐசன்ஸ்டைன் படத்தொகுப்பின் நுட்பங்களைக் கண்டறிந்த மேசை எஸ்ஃபிர் ஷுப் என்ற பெண்மணியுடையது என்பதோ அரிதாகவே நினைவுகூரப்படுகிறது.

1894 இல் பிறந்த ஷுப், 1922 முதல் மாஸ்கோவில் கோஸ்கினோ நிறுவனத்தில் பணியாற்றினார். வெளிநாட்டுப் படங்களை வெட்டியும், இடையிடையே வரும் எழுத்துகளை மாற்றியும் புதிய அரசுக்கு ஒவ்வுமாறு திருத்துவதே அவர் வேலை. ஃபிரிட்ஸ் லாங்கின் 'டாக்டர் மபூஸ்' 1924 இல் அவ்வாறு உருமாறியபோது உடனிருந்தவர் இளம் ஐசன்ஸ்டைன். இதனைத் தணிக்கையின் பணிமனை என்றுதான் கூறவேண்டும். ஆயினும், ஒரு காட்சியின் பொருளை அதன் அண்டைக் காட்சி தீர்மானிக்கிறது என்ற பாடத்தை ஷுப் அங்கேதான் கற்றார்.

அப்பாடத்தின் கனியே 1927 இல் வெளிவந்த 'ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி'. லெனின்கிராடில் இரண்டு மாதங்களில் 60,000 மீட்டர் பழைய படச்சுருளைப் பார்த்து, 5,200 மீட்டரைத் தேர்ந்து, இறுதியில் ஏறத்தாழ 1,500 மீட்டரில் படத்தை நிறைவு செய்தார். ஜாரின் புகழுக்காக எடுக்கப்பட்டவையே அவன் ஆட்சிக்கு எதிரான சாட்சியங்களாயின. கப்பல் தளத்தில் மேன்மக்கள் நடனமாடி வியர்வை துடைக்கின்றனர். அடுத்து மண் வெட்டும் உழவர்கள். எதிர்ப்பு அப்பட்டமானது, சற்றே எளிதானதும்கூட. எனினும் ஷுப் காட்சிகளைப் பொடிப்பொடியாக நறுக்குவதில்லை. முகங்களை நாம் பார்த்து முடிக்கும்வரை நிற்கவிடுகிறார். அதனால், படத்தின் வாதம் வேண்டாத இரக்கமும் அம்முகங்கள்பால் நமக்குத் தோன்றிவிடுகிறது. பிரசாரப் படத்துக்கு இது பலவீனமாகலாம். நாம் இதனை அவருடைய நேர்மையாகவே கொள்கிறோம்.

ஆனால் அரசு நிறுவனமான சோவ்கினோ அவரை அப்படத்தின் ஆசிரியராக ஏற்று ஊதியம் வழங்க மறுத்தது. பிறர் எடுத்ததை ஒட்டியவருக்கு ஆசிரியவுரிமை ஏது என்பதே அதன் நிலைப்பாடு. கவிஞர் மாயாகோவ்ஸ்கி அதே ஆண்டில் பொதுமேடையில் இதனைக் கண்டித்தார். பொதுவுடைமையைப் பேசிய அமைப்பு உழைப்பை அளக்கப் பழைய கோலையே எடுத்தது வியப்புக்குரியது.

1932 இல், மின்மயமாக்கலைப் பற்றிய 'கே.ஷே.ஏ.' படத்தில், தொழிலாளர் பேச்சை அவர்கள் நின்ற இடத்திலேயே, தடுமாற்றங்களோடு ஒலிப்பதிவு செய்தார். அடுத்து, பெண்களின் நிலை குறித்து ஒரு திரைக்கதை எழுதினார். தம் சொல்லிலேயே தொடங்கும் படைப்பாக அது அமைந்திருக்கும். படமாக்கும் வாய்ப்போ கிட்டவில்லை. மீண்டும் பிறர் எடுத்த சுருள்களிடமே திரும்பினார். ரோமன் கார்மெனும் போரிஸ் மக்கசேயெவும் போர்முனையில் எடுத்தவற்றைக் கொண்டு அவர் தொகுத்த 'ஸ்பெயின்', அந்நாட்டுக் குடியரசு வீழ்ந்த 1939 ஆம் ஆண்டிலேயே வெளிவந்தது. பிற்காலத்தில் செய்திப்படத் தொகுப்பே அவருடைய அன்றாடப் பணியாயிற்று.

1959 இல் அவர் மறைந்தார். நினைவுக்குறிப்புகள் அவ்வாண்டிலேயே நூலாயின. பெண்களைப் பற்றிய அத்திரைக்கதையை இன்றும் அச்சில் வாசிக்க முடிகிறது. அதில் ஒரு காட்சியைக்கூடத் திரையில் கண்டவர் எவருமில்லை.